கயிறு காலில் மாட்டுகிறதா? ஸ்கிப்பிங் பற்றி உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

போன இதழில் "ஸ்கிப்பிங் பற்றிச் சந்தேகம் இருந்தால் எழுதுங்கள்" என்று ஒரு ஓரத்தில் போட்டிருந்தோம். வந்ததைப் படித்து முடிக்கவே மூன்று ராத்திரி ஆனது. பாதிக்கு மேல் ஒரே கதைதான்: ஆசையாகக் கயிறு வாங்கினேன், முதல் நாள் மூச்சு முட்டத் தாண்டினேன், மறுநாள் மாடிப்படி இறங்க முடியவில்லை, இப்போது கயிறு கதவுக்குப் பின்னால் தொங்குகிறது. என் கதையும் அதேதான் என்பதால் யாரையும் கிண்டல் செய்யும் யோக்கியதை எனக்கில்லை. பயிற்சியாளர் ஆவதற்குப் பல வருடம் முன்னால், முதல் நாளே 500 தாண்டியே தீருவது என்று சபதம் போட்டுத் தாண்டினேன். அடுத்த நாள் காலையில் கட்டிலிலிருந்து இறங்கியவன் அப்படியே திரும்ப உட்கார்ந்துவிட்டேன். கெண்டைக்கால் இரண்டும் கல். ஒரு வாரம் படிகளில் நண்டு மாதிரி பக்கவாட்டில்தான் இறங்கினேன்.

ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்திருக்கிறேன், சிலவற்றைச் சுருக்கியிருக்கிறேன். பெயர் ஊர் எதுவும் போடவில்லை. ஏன் என்பது நடுவில் வரும் ஒரு கேள்வியைப் படித்தால் புரியும்.

பத்து தாண்டுவதற்குள் கயிறு காலில் மாட்டிவிடுகிறது. வீடியோவில் பார்த்தால் எல்லாரும் பூ மாதிரி குதிக்கிறார்கள். எனக்கு 29 வயது, உடம்பில் ஒரு பிரச்சினையும் இல்லை. எனக்கு இது வரவே வராதா சார்?

வரும். உங்கள் கால் ஒழுங்காகத்தான் இருக்கிறது, கைதான் ஏமாற்றுகிறது. கயிறு மாட்டுவது காலில் என்பதால் எல்லாரும் காலைத் திட்டுகிறார்கள். என்னிடம் வருகிறவர்களில் பெரும்பாலானவர்களுக்கு வேலை கையில்தான் இருக்கிறது.

நம்பிக்கை இல்லையென்றால் போனை நேர் எதிரே வைத்து ஒரு நிமிடம் வீடியோ எடுத்துப் பாருங்கள். முதல் இரண்டு மூன்று தாண்டலில் கை இடுப்போரமாக இருக்கும், ஆறாவது ஏழாவதில் மெல்ல வெளியே விரிந்து, மணிக்கட்டுக்குப் பதிலாகத் தோளே சுற்ற ஆரம்பித்திருக்கும். கை இரண்டு பக்கமும் ஒரு சாண் விரிந்தால் கயிற்றின் அடிவளைவு அந்த அளவுக்கு மேலே ஏறிவிடும். கயிறு அதே கயிறுதான், காலுக்குக் கிடைக்கிற நீளம்தான் குறைந்துபோகிறது. அதைச் சமாளிக்க நீங்கள் இன்னும் உயரமாக எம்பிக் குதிக்கிறீர்கள், எம்பினால் சீக்கிரம் களைக்கிறது, களைத்தால் கை இன்னும் விரிகிறது, அடுத்து 'பட்' என்று விரலில் அடி.

முழங்கை விலாவை ஒட்டி இருக்கட்டும். கை இடுப்பெலும்புக்குக் கொஞ்சம் முன்னால், நீங்கள் நேராகப் பார்த்தபடி இருக்கும்போதே ஓரக்கண்ணில் தெரிகிற இடத்தில். மணிக்கட்டு மட்டும் சுழன்றால் போதும், தயிர் கடைகிற மாதிரி முழுக்கையும் உழைக்க வேண்டியதில்லை. இது சொன்னால் வராது. இரண்டு அக்குளிலும் ஒவ்வொரு சாக்ஸை இடுக்கிக்கொண்டு தாண்டிப் பாருங்கள், கை விரிந்த நொடியில் சாக்ஸ் கீழே விழுந்து காட்டிக்கொடுத்துவிடும்.

அப்புறம் கயிற்றின் நீளம். ஒரு காலால் கயிற்றின் நடுவை மிதித்துக்கொண்டு கைப்பிடி இரண்டையும் மேலே இழுங்கள். கைப்பிடியின் நுனி அக்குள் மட்டத்துக்கு வந்தால் ஆரம்பத்துக்குச் சரி. தோளைத் தாண்டினால் நீளம், வெட்டிவிடுங்கள், அல்லது கைப்பிடிக்குள் முடிச்சை ஏற்றிப் போடுங்கள். நன்றாகப் பழகிய பிறகு மார்பு மட்டத்துக்குக் குறைத்துக்கொள்ளலாம். எங்கே அடிக்கிறது என்பதை வைத்தே கயிற்றைப் பற்றித் தெரிந்துகொள்ளலாம்: தலையில் தட்டினால் கயிறு குட்டை, அல்லது நீங்கள் கூன் போடுகிறீர்கள். காலுக்கு ரொம்ப முன்னாலேயே தரையில் ஓங்கி அடித்து எகிறினால் நீளம். இரண்டும் இல்லாமல் விரலில் மாட்டிக்கொண்டே இருந்தால் மறுபடியும் கைதான்.

குதிக்கும் உயரம் பற்றி ஒரே வார்த்தை. கயிற்றின் தடிமன் சுமார் 5 மில்லிமீட்டர். அதைத் தாண்ட 2, 3 சென்டிமீட்டர் எழும்பினால் ஏராளம். முழங்காலை மடக்கி வயிற்றுக்குக் கொண்டுவருவதும், பின்னங்காலைக் கழுதை மாதிரி உதைப்பதும் தேவையே இல்லை. பாதத்தின் முன்பகுதியில் இறங்குங்கள், குதிகால் தரையை லேசாகத் தொட்டாலும் பரவாயில்லை, முழங்கால் விறைப்பாக மட்டும் இருக்கக் கூடாது.

இதையெல்லாம் ஒரே நேரத்தில் செய்யப் பார்க்காதீர்கள், குழம்பிப்போகும். முதலில் கயிறே இல்லாமல் 30 நொடி துள்ளுங்கள். அப்புறம் கைப்பிடி இரண்டையும் ஒரே கையில் பிடித்துப் பக்கவாட்டில் கயிற்றைச் சுற்றியபடி துள்ளுங்கள். கயிறு தரையில் தட்டி 'டக்' என்று கேட்கிற நேரத்தில் கால் தரையில் இருக்கக் கூடாது, அவ்வளவுதான் விதி. வலது கை, இடது கை இரண்டிலும் அந்தத் தாளம் பிடிபட்ட பிறகு கயிற்றுக்குள் வாருங்கள். ஒரே ஒரு தாண்டல், நிறுத்தம். இரண்டு, நிறுத்தம். இப்படிப் போனால் ஒரு வாரத்தில் முப்பதைத் தொட்டுவிடுவீர்கள். ஒரு சுற்றுக்கு நடுவில் இன்னொரு குட்டித் துள்ளல் வருகிறதா? குழந்தைகள் அப்படித்தான் தாண்டும். தப்பில்லை. கயிறு மெதுவாகச் சுற்றுகிறது என்பதற்கு அடையாளம் அது, வேகம் கூடினால் தானாகப் போய்விடும்.

தினமும் 1000 தாண்ட வேண்டும் என்று நண்பர்களுக்குள் சவால். ஆறு நாள் ஆகிறது. குதிகாலுக்கு மேலே பின்பக்கம், காலையில் எழுந்ததும் விறைத்துக்கொள்கிறது, கொஞ்சம் நடந்தால் சரியாகிவிடுகிறது. தொடரலாமா? வயது 33.

சவாலை நிறுத்துங்கள். ஸ்கிப்பிங்கை விட வேண்டாம்.

காலையில் விறைப்பு, நடந்தால் விடுகிறது என்று நீங்கள் எழுதியிருப்பது குதிகால் தசைநாண் கொடுக்கிற முதல் புகார். கெண்டைக்கால் தசையைக் குதிகால் எலும்போடு கட்டிவைத்திருக்கும் தடித்த நாண் அது. ஒவ்வொரு தாண்டலிலும் ஸ்பிரிங் மாதிரி இழுபட்டு உங்களை மேலே தூக்கிவிடுவது அதுதான். சிக்கல் எங்கே என்றால், இதயமும் நுரையீரலும் சில வாரங்களிலேயே தேறிவிடும், தசையும் ஓரளவு ஈடுகொடுக்கும், ஆனால் நாணுக்கு ரத்த ஓட்டம் குறைவு, அது பலப்பட மாதக்கணக்கில் ஆகும். அதனால் இரண்டாவது வாரத்தில் மூச்சு வாங்குவது குறைந்து, "ஆகா, பழகிவிட்டது" என்று தோன்றும்போதுதான் அடிபடுகிறது. உங்களுக்கு ஆறே நாளில் சொல்லிவிட்டது, அது ஒருவகையில் நல்லதுதான்.

நிமிடத்துக்கு நூறு என்று வைத்தாலும் 1000 தாண்டல் என்பது பத்து நிமிடம். ஆயிரம் முறை தரையில் இறங்குகிறீர்கள், அதுவும் தினமும், நாணுக்கு ஒரு நாள்கூட லீவு கிடையாது.

இரண்டு வாரம் குதிக்காதீர்கள். அதற்குப் பதிலாக, சுவரைப் பிடித்துக்கொண்டு குதிகாலை 3 நொடியில் மெதுவாக உயர்த்தி, 3 நொடியில் மெதுவாக இறக்குங்கள். 15 தடவை, மூன்று செட், ஒரு நாள் விட்டு ஒரு நாள். லேசான வலி இருந்தால் பரவாயில்லை, மறுநாள் காலை விறைப்பு கூடக் கூடாது. கூடினால், அல்லது நாண் தடித்துத் தொட்டாலே வலித்தால், பிசியோதெரபிஸ்ட்டைப் பாருங்கள். பின்னாலிருந்து யாரோ உதைத்த மாதிரி 'படக்' என்று தெறித்தால் அது வேறு விஷயம், அன்றைக்கே மருத்துவமனை.

திரும்ப ஆரம்பிக்கும்போது, புதிதாக ஆரம்பிக்கிறவர்களுக்கும் சேர்த்தே சொல்கிறேன், வாரத்தில் மூன்று நாள் மட்டும், நடுவில் ஒரு நாளாவது இடைவெளி. 20 நொடி தாண்டல், 40 நொடி ஓய்வு, எட்டு தடவை. மொத்தம் எட்டு நிமிடம், அதில் குதிப்பது 2 நிமிடம் 40 நொடிதான். "இவ்வளவுதானா?" என்று சிரிப்பு வரும். வரட்டும், முதல் இரண்டு வாரமும் இதுவேதான். மூன்றாவது வாரம் 30 நொடிக்கு 30 நொடி ஓய்வு, பத்து தடவை. ஐந்தாறு வாரம் ஆன பிறகு 45 நொடி. மூன்று மாதம் தாண்டினால் குத்துச்சண்டை வீரர்கள் மாதிரி 3 நிமிட ரவுண்டு, 1 நிமிட ஓய்வு என்று போகலாம். எண்ணிக்கையை விடுங்கள், கடிகாரத்தைப் பாருங்கள். எண்ண ஆரம்பித்தால் "இன்னும் பதினாறுதானே" என்று களைத்த காலோடு இழுத்துக்கொண்டு போவோம், சுளுக்குவது அந்தப் பதினாறில்தான்.

எனக்கு வலி முன்பக்கம், முழங்காலுக்குக் கீழே எலும்பை ஒட்டி. தைலம் தேய்க்கிறேன்.

தைலம் தேய்ப்பதால் கெடுதல் இல்லை, ஆனால் கேள்வி அதுவல்ல. விரலால் எலும்பின் உள்விளிம்பை மேலிருந்து கீழே அழுத்திக்கொண்டே வாருங்கள். நாலைந்து விரல் நீளத்துக்குப் பரவலாக வலித்தால், அதிக வேலை வாங்கியதால் வந்த அழற்சி. குதிப்பதை ஒன்றிரண்டு வாரம் நிறுத்திவிட்டு நடை, சைக்கிள் என்று மாறினால் அடங்கும். ஒரே ஒரு புள்ளியில், காசு அளவு இடத்தில் மட்டும் சுள்ளென்று வலித்து, ராத்திரி படுத்திருக்கும்போதும் வலித்தால் எலும்பில் மயிரிழை விரிசலாக இருக்கலாம். டாக்டரைப் பாருங்கள். அதைத் தாண்டித் தாண்டிச் சரிசெய்ய முடியாது.

பத்து நிமிடம் ஸ்கிப்பிங் செய்தால் அரை மணி நேரம் ஓடியதற்குச் சமம் என்கிறார்கள். உண்மையா? ஓடுவதற்கு எனக்குச் சோம்பல்.

பாதி உண்மை. சோம்பலை ஒத்துக்கொண்டதற்கு முழு மதிப்பெண்.

1968-ல் அமெரிக்காவில் கல்லூரி மாணவர்களை இரண்டு குழுவாகப் பிரித்து, ஒரு குழுவை 10 நிமிடம் கயிறு தாண்டவும் இன்னொரு குழுவை 30 நிமிடம் மெல்லோட்டம் ஓடவும் விட்டுப் பார்த்தார்கள். ஆறு வாரம் கழித்து இதயத்தின் உழைப்புத்திறனைச் சோதித்தபோது இரண்டு குழுவுக்கும் ஏறக்குறைய ஒரே முன்னேற்றம். அந்த முடிவுதான் ஊர் ஊராகச் சுற்றி, வளர்ந்து, கடைசியில் "பத்து நிமிடத்தில் அரை மணி நேரக் கொழுப்பு கரையும்" என்று ஆகிவிட்டது. அவர்கள் அளந்தது இதயத்தின் திறனை. கொழுப்பு அங்கே பேச்சிலேயே இல்லை.

கலோரிக் கணக்கைப் போட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும். 60 கிலோ உள்ள ஒருவர் நிமிடத்துக்கு 100 முதல் 120 வரை என்ற வேகத்தில் 10 நிமிடம் தாண்டினால் சுமார் 120 கலோரி செலவாகும். அதே ஆள் மணிக்கு 8 கிலோமீட்டர் வேகத்தில் அரை மணி நேரம் ஓடினால் சுமார் 250. நிமிடத்துக்கு நிமிடம் பார்த்தால் கயிறு ஜெயிக்கிறது, மொத்தத்தில் ஓட்டம்தான் ஜெயிக்கிறது. அதோடு, புதிதாக ஆரம்பிக்கிறவரால் பத்து நிமிடம் விடாமல் தாண்டவும் முடியாது, முதல் கேள்வி கேட்டவரைக் கேட்டுப் பாருங்கள்.

நேரம் குறைவு, இடம் குறைவு, மழை என்றால் கயிறு கெட்டிக்காரன். மற்ற நாளில் கொஞ்சம் வேகமாக நடந்துவிடுங்கள்.

தொப்பை மட்டும் குறைய எத்தனை நாள் தாண்ட வேண்டும்?

தொப்பை மட்டும் குறைய எந்தப் பயிற்சியும் கிடையாது. கொழுப்பை எங்கிருந்து முதலில் எடுப்பது என்று உடம்புதான் முடிவு செய்கிறது, நம்மிடம் அபிப்பிராயம் கேட்பதில்லை. சிலருக்கு வயிறு கடைசி ஸ்டாப்பாகவும் இருக்கலாம். சாப்பாட்டைக் கவனிக்காமல் கயிற்றை மட்டும் நம்பினால் கயிறுதான் தேயும்.

பெயர் வேண்டாம். எனக்கு 34 வயது, இரண்டு குழந்தைகள், இரண்டும் சுகப்பிரசவம். சின்னவனுக்கு மூன்று வயது. ஸ்கிப்பிங் ஆரம்பித்தால் இருபது தாண்டுவதற்குள் சிறுநீர் லேசாகக் கசிந்துவிடுகிறது. வெட்கமாக இருக்கிறது, வீட்டில்கூடச் சொல்லவில்லை. தாண்டினால் கர்ப்பப்பை இறங்கிவிடும் என்று வேறு பயமுறுத்துகிறார்கள்.

சகோதரி, இதே விஷயத்தை எழுதியது நீங்கள் மட்டும் இல்லை, இந்தத் தடவை வந்த கடிதங்களில் இன்னும் நாலு பேர் இருக்கிறார்கள். நாலு பேருமே "எனக்கு மட்டும்தான் இப்படியோ" என்று எழுதியிருக்கிறார்கள்.

இடுப்புக்கூட்டின் அடியில் ஊஞ்சல் பலகை மாதிரி சில தசைகள் விரிந்து, சிறுநீர்ப்பை, கர்ப்பப்பை, மலக்குடல் மூன்றையும் தாங்குகின்றன. கர்ப்பத்திலும் பிரசவத்திலும் அவை நன்றாக இழுபட்டுவிடும். குதிக்கும்போது வயிற்றுக்குள்ளிருந்து ஒரு அழுத்தம் கீழே வரும், அந்த நொடியில் தசை சரியாக இறுகாவிட்டால் கசியும். தும்மினால், சிரித்தால் கசிவதும் இதே கணக்குதான்.

நல்ல செய்தி, இந்தத் தசைகளுக்கும் பயிற்சி உண்டு, பெரும்பாலோருக்குப் பலன் தெரியும். ஆர்னால்ட் கெகல் என்ற அமெரிக்க மகப்பேறு மருத்துவர் 1948-ல் எழுதிப் பரவியதால் கெகல் பயிற்சி என்று பெயர். சிறுநீரையும் வாயுவையும் ஒரே நேரத்தில் அடக்குவதாக நினைத்துக்கொண்டு உள்ளே மேல்நோக்கி இழுங்கள். பிட்டமும் தொடையும் இறுகக் கூடாது, மூச்சைப் பிடிக்கக் கூடாது. 5 நொடி பிடித்து, 5 நொடி முழுக்கத் தளர்த்துங்கள், பத்து தடவை, நாளைக்கு மூன்று வேளை. தளர்த்துவதும் பயிற்சிதான், அதை விட்டுவிடாதீர்கள். கழிவறையில் உட்கார்ந்து நிஜமாகவே சிறுநீரை நிறுத்தி நிறுத்திப் பழகுவது மட்டும் வேண்டாம், அது பையைச் சரியாகக் காலியாக விடாது. மூன்று மாதமாவது விடாமல் செய்தால்தான் வித்தியாசம் தெரியும்.

அதுவரை கயிறு தாண்டாமல் கயிற்றோடு நடக்கலாம், அதாவது கைப்பிடியை ஒரு கையில் பிடித்துப் பக்கத்தில் சுற்றிக்கொண்டே கால் மாற்றி மாற்றி அடி வைப்பது. கயிற்றுக்குத் திரும்பும்போது பத்து பத்தாகத் தாண்டுங்கள், கசிவு தெரிந்தால் அன்றைக்கு அத்தோடு போதும். தாண்டுவதற்கு முன் சிறுநீர் கழித்துவிடுவது சரி, தண்ணீரே குடிக்காமல் இருப்பது சரியில்லை.

கர்ப்பப்பை விஷயம்: ஆரோக்கியமாக இருக்கிற ஒருவருக்குக் கயிறு தாண்டியதால் கர்ப்பப்பை இறங்கிவிடாது. ஆனால் கீழே ஏதோ கனமாகத் தொங்குகிற மாதிரி, உருண்டையாக வெளியே வருகிற மாதிரி உணர்வு ஏற்கெனவே இருந்தால் குதிப்பது அதைக் கூட்டலாம். அப்படி இருந்தால் முதலில் மகப்பேறு மருத்துவரைப் பாருங்கள், கசிவையும் மறைக்காமல் சொல்லுங்கள். அவர்கள் தினமும் கேட்கிற விஷயம்தான். அண்மையில் குழந்தை பெற்றவர்கள் இதைப் படித்தால், குறைந்தது மூன்று மாதம் கயிற்றைத் தொடாதீர்கள், சிசேரியன் என்றாலும் அப்படியே.

இன்னொன்று, யாரும் கேட்காததால் நானே சொல்கிறேன். மார்பை அசையாமல் பிடிக்கிற ஸ்போர்ட்ஸ் பிரா இல்லாமல் தாண்டினால் வலிக்கும், அந்தக் கூச்சத்தில் தோளைக் குறுக்கிக் கூன் போடுவீர்கள், கூன் போட்டால் கயிறு தலையில் தட்டும்.

வயது 45, எடை 88 கிலோ, பிரஷர் மாத்திரை சாப்பிடுகிறேன். மாடி ஏறினால் மூட்டு வலிக்கிறது. என் மகன் "அப்பா, ஸ்கிப்பிங் பண்ணுங்க" என்று கயிறு வாங்கிக் கொடுத்துவிட்டான். பண்ணலாமா?

மகனுக்கு நன்றி சொல்லிக் கயிற்றை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். உடனே இல்லை, மூன்று மாதம் கழித்து.

கயிற்றில் இரண்டு காலிலும் சேர்ந்து இறங்குவதால், ஒவ்வோர் அடியும் ஒற்றைக்காலில் விழுகிற ஓட்டத்தைவிட மூட்டுக்கு ரொம்ப மோசம் என்று சொல்ல முடியாது. ஆனால் மாடி ஏறும்போதே வலிக்கிற மூட்டு, 88 கிலோவை நிமிடத்துக்கு நூறு தடவை இறக்கி வைக்கத் தயாராக இல்லை. நடைதான் முதல் படி, அதோடு நாற்காலியில் உட்கார்ந்து எழுவது, குதிகால் உயர்த்துவது. சுவரை லேசாகத் தொட்டபடி ஒற்றைக்காலில் நின்று, குதிகாலை முழு உயரத்துக்கு 20 தடவை உயர்த்தி இறக்க முடிகிறதா என்று மாதம் ஒருமுறை பாருங்கள். இரண்டு காலிலும் வந்து, மாடி ஏறினால் மூட்டும் பேசாமல் இருந்தால், அப்போது கயிறு. அதுவும் 10 நொடி தாண்டல், 50 நொடி நடை என்றுதான்.

பிரஷர் கட்டுக்குள் இருக்கிறதா என்று டாக்டரிடம் கேட்டுவிட்டே ஆரம்பியுங்கள். உங்கள் மாத்திரையின் பெயரையும் பாருங்கள். அட்டெனோலால், மெட்டோப்ரோலால் என்று 'லால்' என்று முடிகிற வகையாக இருந்தால், அது இதயத்துடிப்பை ஏறவிடாமல் பிடித்துவைக்கும். வாட்சில் துடிப்பு குறைவாகக் காட்டுகிறதே என்று இன்னும் இன்னும் வேகமாகத் தாண்டிவிடக் கூடாது. உங்களுக்கு அளவுகோல் பேச்சுதான்: ஓய்வு முடிகிற நேரத்தில் ஒரு முழு வாக்கியம் தடங்கலில்லாமல் சொல்ல வர வேண்டும். வரவில்லையென்றால் அடுத்த ரவுண்டைத் தள்ளிப்போடுங்கள். முடித்தவுடன் சோபாவில் விழாமல் ஐந்து நிமிடம் நடந்து ஆறுங்கள், திடீரென்று நின்றால் தலை சுற்றும். நெஞ்சில் இறுக்கம், தாடைக்கோ கைக்கோ பரவுகிற வலி, கண் இருட்டு, எது வந்தாலும் கயிற்றைப் போட்டுவிட்டு உடனே உதவி கேளுங்கள்.

எந்தக் கயிறு வாங்குவது? மணி கோத்தது, கம்பி, பிளாஸ்டிக், கயிறே இல்லாதது என்று என்னென்னவோ இருக்கிறது. வெறுங்காலோடு தாண்டலாமா?

ஆரம்பத்துக்கு மணி கோத்த கயிறு, அல்லது கொஞ்சம் தடித்த பிளாஸ்டிக் கயிறு. கனம் இருப்பதால் எங்கே சுற்றுகிறது என்று கைக்குத் தெரியும், தரையில் தட்டுகிற சத்தமும் தாளத்துக்கு உதவும். மெல்லிய கம்பிக் கயிறு வேகத்துக்கானது, பழகாத காலில் பட்டால் சவுக்கடிதான், தழும்பு என்னிடம் இருக்கிறது. பருத்திக் கயிறு லேசாக இருப்பதால் காற்றில் தொய்யும். புதுப் பிளாஸ்டிக் கயிறு சுருண்டு சுருண்டு வந்தால் வெந்நீரில் கொஞ்ச நேரம் போட்டு எடுத்து, நீட்டித் தொங்கவிடுங்கள், நேராகிவிடும். கயிறில்லாத கைப்பிடி மூச்சுப் பயிற்சிக்கு ஆகும், ஆனால் தப்பாகத் தாண்டினால் யாரும் காலில் அடிக்க மாட்டார்கள் என்பதால் தாண்டக் கற்றுத்தராது.

தரைதான் முக்கியம். மரத்தரை, ரப்பர் விரிப்பு நல்லது. சிமெண்ட்டும் டைல்ஸும் அதிர்ச்சியைத் திருப்பிக் காலுக்கே அனுப்பும். புல்லில் கயிறு சிக்கும். மெத்மெத்தென்ற தடிமனான யோகா மேட்டில் கணுக்கால் பிரண்டுவிடும், கெட்டியான மேட் போதும்.

ஷூவில் பாதத்தின் முன்பக்கம் மெத்தை இருக்கிறதா என்று பாருங்கள், முழு எடையும் அங்கேதான் இறங்குகிறது. குதிகால் மட்டும் உயர்ந்த ஷூ இதற்கு அவ்வளவு தோதில்லை. வெறுங்காலில் தாண்டுகிறவர்கள் இருக்கிறார்கள். கெண்டைக்காலுக்கும் நாணுக்கும் வேலை கூடும் என்பதால் முதல் சில மாதம் வேண்டாம் என்பேன்.

எனக்கு 19 வயது. தினமும் தாண்டினால் உயரம் கூடுமா அண்ணா?

கூடாது தம்பி. எலும்பு நீள்வது அதன் நுனியில் இருக்கிற வளர்ச்சித் தட்டால்தான். ஆண்களுக்கு அது பெரும்பாலும் பதினெட்டு வயதை ஒட்டி மூடிவிடும், பெண்களுக்கு அதற்கும் இரண்டு மூன்று வருடம் முன்பே. மூடாத வயதிலும் குதிப்பது எலும்பை உறுதியாக்குமே தவிர நீளமாக்காது. கூன் போடாமல் நின்றாலே ஒன்றிரண்டு சென்டிமீட்டர் கூடத் தெரிவீர்கள், அது இலவசம்.

அடுக்குமாடியில் மூன்றாவது மாடி. கீழ்வீட்டுக்காரர் இரண்டு தடவை மேலே வந்துவிட்டார். என்ன செய்ய?

அவர் உங்களுக்குக் கிடைத்த இலவசப் பயிற்சியாளர். சத்தம் வருகிறதென்றால் நீங்கள் கனமாக இறங்குகிறீர்கள், அதே சத்தம் உங்கள் முழங்காலுக்குள்ளும் போகிறது. மொட்டைமாடிக்கோ தரைத்தளத்துக்கோ போக முடிந்தால் போங்கள், முடியாவிட்டால் ரப்பர் மேட் போட்டு, கால் இறங்குகிற ஓசை உங்கள் காதுக்கே கேட்காத அளவுக்குத் தாழ்வாகத் துள்ளிப் பழகுங்கள். காலை ஐந்து மணிக்கு மட்டும் வேண்டாம், அதில் நான் கீழ்வீட்டுக்காரர் கட்சி.

எனக்கு 61 வயது. சின்ன வயதில் தெருவில் எல்லாரையும் தோற்கடித்து இருநூறு தாண்டுவேன். பேத்தி தாண்டுவதைப் பார்த்தால் கை பரபரக்கிறது. இந்த வயதில் கயிற்றைத் தொட்டால் எல்லாரும் சிரிப்பார்கள், அதைவிட விழுந்துவிடுவேனோ என்று பயம்.

சிரிப்பவர்களை முப்பது தாண்டச் சொல்லுங்கள், பத்திலேயே மூச்சு வாங்குவார்கள்.

விழுகிற பயம் மட்டும் நியாயமானது. மாதவிடாய் நின்ற பிறகு எலும்பு வேகமாக அடர்த்தி இழக்கிறது. எலும்புக்கு அளவான அதிர்ச்சி நல்லதுதான், அதற்குப் பதில் சொல்லித்தான் அது தன்னை உறுதியாக்கிக்கொள்கிறது. ஆனால் ஏற்கெனவே மெலிந்துபோன எலும்புக்கு ஒரு விழுதலே எலும்பு முறிவில் முடியலாம். அதனால் முதலில் எலும்பு அடர்த்திப் பரிசோதனை ஒன்று எடுத்துவிடுங்கள். தேய்மானம் என்று வந்தாலோ, முன்பே மணிக்கட்டோ இடுப்போ முறிந்திருந்தாலோ, டாக்டர் சொல்லாமல் குதிக்க வேண்டாம்.

எல்லாம் சரியென்று வந்தால், பேத்தியின் கயிற்றை வாங்காதீர்கள், அது உங்களுக்குக் குட்டை. ஒரு மாதம் கயிறில்லாமல் பழகுங்கள்: நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு குதிகாலை உயர்த்தி 'தொப்' என்று இறக்குவது, அப்புறம் கையை விட்டுவிட்டு அதையே செய்வது, ஒற்றைக்காலில் பத்து நொடி நிற்பது. அது தடுமாறாமல் வந்த பிறகு கயிற்றைத் தரையில் நேர்கோடாகப் போட்டு, ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கம் ஒரு கால், அடுத்த கால் என்று தாண்டி நடங்கள். பேத்தியும் கூடவே செய்யட்டும். சுற்றுகிற கயிற்றுக்குள் போகும் நாள் வந்தால், ஷூ போட்டுக்கொண்டு, சுற்றிலும் மேஜை நாற்காலி இல்லாத இடமாகப் பார்த்து, ஒன்று தாண்டி நிறுத்துங்கள். மாட்டினால் காலை இழுத்து விடுவிக்கப் பார்க்காமல் இரண்டு கைப்பிடியையும் விட்டுவிடுங்கள், கயிறு தானாகக் கீழே விழுந்துவிடும்.